சுவருக்குக் கல் முகம்: அழகும் அபாயமும்

வீட்டைக் கட்டிப் பார் என்று நம் முன்னோர் எச்சரித்தது செலவை மட்டும் மனத்தில் வைத்தன்று. வீடு கட்டும்பொழுது செய்யும் பிழை, கட்டியவர் காலத்தையும் கடந்து அவருடைய பிள்ளைகளைத் துன்புறுத்தும் என்பதையும் அவர்கள் அறிந்திருந்தார்கள். விதைப்பில் செய்த பிழையை அடுத்த போகத்தில் திருத்திக்கொள்ளலாம். சுவரில் செய்த பிழையைத் திருத்துவது அத்தனை எளிதன்று.

திருவண்ணாமலை நகரத்தைச் சுற்றியும், கிரிவலப் பாதையை ஒட்டிய ஊர்களிலும், அவற்றிற்கு அப்பால் உள்ள கிராமங்களிலும் புதிய வீடுகள் எழும்பி வருகின்றன. அவற்றுள் பலவற்றில் வாசல் முகப்பிலோ, கூடத்தின் ஒரு சுவரிலோ சிறு சிறு கற்களை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கினாற்போல் ஒட்டி அலங்காரம் செய்திருப்பதைக் காணலாம். கொத்தனார்கள் இதனைக் கிளாடிங் கல் என்றும், எலிவேஷன் கல் என்றும் சொல்வார்கள். பார்வைக்குச் சுவர் முழுவதும் கல்லால் கட்டப்பட்டது போலத் தோன்றும். உண்மையில் உள்ளே இருப்பது செங்கல் சுவர், வெளியே இருப்பது ஓர் அங்குலம் அல்லது ஒன்றரை அங்குலக் கனமுள்ள கல் முகம் மட்டுமே.

இந்த வேலையை வேண்டும் என்றோ வேண்டாம் என்றோ ஒரே சொல்லில் தீர்ப்புச் சொல்வது நம் நோக்கமன்று. எங்கே இது பயன்படும், எங்கே வீண் செலவாகும், எங்கே உயிருக்கே தீங்காக முடியும் என்பவற்றைப் பஞ்சாயத்து அங்கத்தினர்களும் விவசாயப் பெருமக்களும் சீர்தூக்கிப் பார்க்க உதவுவதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

கல் முகம் புதியதன்று

செங்கல்லின்மேல் கல் பதிக்கும் வழக்கம் உலகில் மிகப் பழமையானது. பண்டைய ரோமாபுரியில் சுண்ணாம்புக் கான்கிரீட்டாலும் செங்கல்லாலும் சுவரை எழுப்பி, அதன்மேல் மெல்லிய சலவைக்கல் பலகைகளை உலோகக் கொக்கிகளால் பிணைத்தார்கள். ஆக்ராவில் உள்ள தாஜ்மஹாலும் முழுச் சலவைக்கல்லால் ஆனதன்று. உள்ளே செங்கல் கட்டு வேலையும் வெளியே சலவைக்கல் முகமும் கொண்டதே அது.

நம் திருவண்ணாமலையிலேயே இதற்கு அண்டையான ஒரு பாடம் உண்டு. அருணாசலேசுவரர் கோயிலின் கிழக்கு இராஜகோபுரம் 11 நிலைகளும் 217 அடி உயரமும் உடையது. 16-ஆம் நூற்றாண்டில் விஜயநகரப் பேரரசர் கிருஷ்ணதேவராயரால் தொடங்கப்பட்டுத் தஞ்சை நாயக்கரான சேவப்ப நாயக்கரால் முடிக்கப்பட்டது. இதன் அடிப்பகுதி கருங்கல். அதற்கு மேலே செல்லும் நிலைகளோ செங்கல்லும் சுண்ணாம்புச் சுதையும். பாரம் தாங்கும் இடத்திலும், மழைத் தண்ணீர் தெறிக்கும் இடத்திலும், மனிதர் கையும் தோளும் உராயும் இடத்திலும் கல்லை வைத்தார்கள். உயரே செல்லச் செல்ல எடை குறைந்த பொருளைக் கையாண்டார்கள். கல்லைக் கீழே வை, மேலே இலேசாக்கு என்பதே அந்தச் சிற்பிகள் நமக்குச் சொல்லாமல் சொல்லும் விதி. நம் நாளைய வீட்டு முகப்புகளில் பல இந்த விதியைத் தலைகீழாக்கி விடுகின்றன. கீழே வெறும் பூச்சு, மாடி முகப்பில் கல் என்று செய்கிறார்கள்.

பிணையாத கல் என்ன செய்யும்

கல் சுவரைப் பற்றிப் பேசும்பொழுது 1993-ஆம் ஆண்டு செப்டம்பர் 30-ஆம் நாளை மறக்கலாகாது. அன்று விடியற்காலையில் மஹாராஷ்டிர மாநிலம் லாத்தூர் மாவட்டத்துக் கிலாரிப் பகுதியில் நிலநடுக்கம் உண்டாயிற்று. பல ஆயிரம் மக்கள் உறக்கத்திலேயே மாண்டனர். அவ்வூர்களில் வீடுகளின் சுவர்கள் கனமான கற்களை மண் சாந்தில் அடுக்கிக் கட்டப்பட்டவை. வெளிப்புறம் ஓர் அடுக்கு, உட்புறம் ஓர் அடுக்கு, நடுவில் சிறு கல்லும் மண்ணும் என்பது அமைப்பு. இரண்டு அடுக்குகளையும் சேர்த்துப் பிடிக்கும் நீண்ட பிணைப்புக் கற்கள் பெரும்பாலும் இல்லை. பூமி அசைந்தபோது அடுக்குகள் ஒன்றைவிட்டு ஒன்று பிரிந்து சரிந்தன.

அச்சுவர்கள் ஒட்டு வேலையால் ஆனவையல்ல. முழுக் கல் சுவர்களே. ஆயினும் பாடம் ஒன்றுதான். கல் தன் கனத்தால் உறுதியாகத் தோன்றும். ஆனால் பின்னால் உள்ளதோடு பிணையாத கல் உறுதியன்று, அது காத்திருக்கும் ஆபத்து. இதனைக் கூடத்துச் சுவரில் கல் பதிக்கும் ஒவ்வொருவரும் நினைவில் கொள்ள வேண்டும்.

எடைக் கணக்கு

கருங்கல்லில் ஒரு சதுர அடிப் பரப்பும் ஓர் அங்குலக் கனமும் உள்ள துண்டு சுமார் 6¼ கிலோ எடையிருக்கும். அதன் பின்னால் அரை அங்குலக் கனத்திற்குச் சிமெண்ட் கலவை வைத்தால் அது மேலும் 2½ கிலோ ஆகும். ஆகவே சதுர அடிக்கு 8¾ கிலோ. 10 அடி நீளமும் 10 அடி உயரமும் உள்ள சுவர் 100 சதுர அடி. அதன்மேல் ஏறும் சுமை 875 கிலோ.

9 அங்குலச் செங்கல் சுவரானால் இதே 100 சதுர அடிக்குச் சுவரின் எடை ஏறத்தாழ 4,000 கிலோ. கல் முகத்தால் அதன் பாரம் ஐந்தில் ஒரு பங்குக்கு மேல் கூடுகிறது. 4½ அங்குலத் தடுப்புச் சுவரானால் அதன் சொந்த எடை சுமார் 2,000 கிலோதான். அதன்மேல் 875 கிலோ என்பது ஐந்தில் இரண்டு பங்குக்கும் மேற்பட்ட கூடுதல் சுமையாகும். அஸ்திவாரமின்றித் தளத்தின்மேல் எழுப்பிய தடுப்புச் சுவரில் இதனைச் செய்யலாமா என்பதைப் பொறியாளரைக் கேட்டே முடிவு செய்ய வேண்டும்.

இனி மற்றொரு கணக்கைப் பார்ப்போம். அமெரிக்க நாட்டுக் கட்டட விதிகளில், கொக்கியின்றி ஒட்டப்படும் கல் முகம் சதுர அடிக்கு 15 பவுண்டுக்கு, அதாவது சுமார் 6.8 கிலோவுக்கு மேற்படலாகாது என்ற வரம்பு நெடுங்காலம் இருந்து வந்தது. ஒட்டுப் பிடிப்பு ஒரு சதுர அங்குலத்திற்குக் குறைந்தது 50 பவுண்டு இழுப்பைத் தாங்க வேண்டும் என்றும் வகுத்தார்கள். ஒரு சதுர அடியில் 144 சதுர அங்குலம் உண்டு. ஆகவே நன்றாக ஒட்டிய ஒரு சதுர அடி, 7,200 பவுண்டைத் தாங்கும் வலிமை பெறும். சுமப்பதோ 15 பவுண்டு!

தேவையைப் போல் 480 மடங்கு வலிமை இருக்கையில் கல் ஏன் விழுகிறது என்று வாசகர் வினவலாம். இந்த வினாவில்தான் வேலையின் இரகசியம் அடங்கியிருக்கிறது. கல் விழுவது அதன் கனத்தால் மட்டுமன்று. கல்லின் முதுகில் படிந்த தூசி, சுவரில் மிச்சமிருக்கும் வண்ணப் பூச்சு, கலவை நிரம்பாத பொந்து, உள்ளிருந்து கசியும் ஓதம், ஓதத்தோடு வந்து பூக்கும் உப்பு, வெயிலில் விரிந்து இரவில் சுருங்கும் அசைவு ஆகியவை அந்தப் பிடிப்பைச் சிறுகச் சிறுக அரித்துவிடுகின்றன. 480 மடங்கு வலிமையைச் சைபராக்க ஒரு படலம் தூசி போதும். ஆகையால் விலையுயர்ந்த கல்லைத் தேடுவதினும் சுத்தமான சுவரைத் தேடுவதே முதற் கடமை.

எந்தக் கல் ஏற்றது

கற்களில் இருவகை உண்டு. ஏடு ஏடாகப் பிரியும் இயல்புடையவை ஒருவகை. ஆந்திர மாநிலத்துக் கடப்பைக் கல், பேதஞ்செர்லாக் கல், தெலங்கானாவின் தாண்டூர்க் கல், இராஜஸ்தானத்து மணற்கல் ஆகியவை இவ்வகையின. இவற்றை மெல்லிய பட்டைகளாக எடுப்பது எளிது. அடுக்குக் கல் அலங்காரத்திற்கு இவையே மிகுதியாக வருகின்றன.

நம் பகுதியில் கிடைக்கும் கருங்கல் இவ்வியல்புடையதன்று. அதில் ஏடு கிடையாது. வரிசையாகத் துளை போட்டு ஆப்பு அடித்தே பிளக்க வேண்டும். வேலிக்கு நடும் கல்கால்கள் இவ்வாறு எடுக்கப்படுவதைக் கல்வேலை செய்வோரிடம் பார்த்திருப்பீர்கள். ஓர் அங்குலக் கனத்திற்குக் கருங்கல்லை உளியால் எடுப்பது வீண் உழைப்பு. பாதிக்கு மேல் உடைந்து போகும். மெல்லிய துண்டு வேண்டுமானால் அறுவை ஆலையில் அறுத்ததையே வாங்க வேண்டும். கிருஷ்ணகிரி, ஒசூர் வட்டாரங்களில் கருங்கல் அறுத்து மெருகிடும் ஆலைகள் உண்டு. அங்கே பெரிய பலகைகளின் ஓரம் வெட்டும்போது கழியும் நீண்ட துண்டுகள், புதுப் பலகையைவிடக் குறைந்த விலையில் கிடைக்கக்கூடியவை. கனம் ஒரே அளவாக இருப்பதால் அடுக்குவதற்கும் ஏற்றவை.

விவசாயிகளுக்கு இன்னொரு கல் கையருகிலேயே உள்ளது. நம் மாவட்டத்தில் கிணறு வெட்டும்போது சில அடி ஆழத்திலேயே பாறை தட்டும். வெடிவைத்து எடுத்த கல் கிணற்று மேட்டில் ஆண்டுக்கணக்கில் குவிந்து கிடக்கும். இக்கல் மெல்லிய ஒட்டு வேலைக்கு ஆகாது. ஆனால் வீட்டைச் சுற்றிய அடிமட்டச் சுவருக்கும், திண்ணையின் முகத்திற்கும், மாட்டுக் கொட்டகையின் கீழ்ச்சுவருக்கும் 6 அங்குலம் முதல் 9 அங்குலம் வரை கனமாகக் கட்ட இதைவிட நல்ல பொருள் கிடையாது. இவ்வாறு கட்டும் கல் தரையிலுள்ள அஸ்திவாரத்தின்மேல் தானே நிற்கிறது. ஒட்டுப் பிடிப்பை நம்பித் தொங்குவதில்லை. இதுவே கிராமத்திற்கு ஏற்ற கல் முகம் என்பது நம் கருத்து.

சிமெண்டில் வண்ணம் கலந்து அச்சில் வார்த்த செயற்கைக் கல்லும் கடைகளில் உண்டு. அது இயற்கைக் கல்லைவிட எடை குறைவு. உள்சுவருக்கு ஏற்கலாம். வெயிலும் மழையும் படும் இடத்தில் நாளடைவில் வண்ணம் மங்கக்கூடும்.

எங்கே பதிக்கலாம், எங்கே கூடாது

மழைத் தாழ்வாரத்திலிருந்து விழும் தண்ணீர் தரையில் பட்டுத் தெறிப்பதனால் வெளிச்சுவரின் அடியில் 2 அடி உயரம் வரை பூச்சு உதிர்வதை எங்கும் பார்க்கிறோம். ஆண்டிற்குச் சுமார் 1,000 மில்லிமீட்டர் மழை பெறும் நம் பகுதியில் அந்த இடத்திற்குக் கல் முகம் நல்ல கவசம். அவ்வாறே திண்ணை முகப்பு, மாடிப்படி ஓரம், கூடத்தில் நாற்காலி உராயும் 3 அடி உயரம் ஆகியவற்றிலும் கல் பயன் தரும். பயனும் அழகும் ஒன்றுசேரும் இடங்கள் இவை.

செய்யத் தகாத இடங்களும் உண்டு. மண் சுவரின்மேல் சிமெண்ட் கலவையால் கல் ஒட்டுவது அறவே கூடாது. மண் சுவர் ஈரத்தால் விரிந்து சுருங்கும், சிமெண்டோ அசையாது. இரண்டும் பிரிந்து கல் ஒரே தகடாக விழும். பழைய சுண்ணாம்புப் பூச்சின்மேலும் நேரே ஒட்டலாகாது. பூச்சைக் கொத்தி எடுத்துவிட்டு உள்ளே இருக்கும் கட்டு உறுதியாக உள்ளதா என்று பார்த்த பிறகே தொடங்க வேண்டும்.

மேற்குப் பார்த்த வெளிச்சுவரில் கருநிறக் கல் வேண்டாம். சித்திரை வைகாசி வெயிலை அது உறிஞ்சி இரவில் வீட்டிற்குள் விடும். கல் சூட்டைத் தடுக்கும் என்பது கனமான கோயில் சுவரைப் பார்த்து எழுந்த எண்ணம். அங்கே குளிர்ச்சி தருவது பல அடிக் கனம். ஓர் அங்குலக் கல்லுக்கு அந்தக் குணம் இல்லை. அவ்விடத்தில் வெள்ளைச் சுண்ணாம்பு அடிப்பதே மேல், செலவும் குறைவு.

விறகடுப்புள்ள சமையலறையில் மேடுபள்ளமான கல் பதித்தால் புகையும் எண்ணெய்ப் பிசுக்கும் அதில் படிந்து, துடைக்க முடியாமல் போகும். வீட்டுப் பெண்மக்களின் உழைப்பு வீணாகக் கூடும். படுக்கும் இடத்தில் தலைமாட்டிலும், வாசற்படிக்கு மேலும், தொட்டில் கட்டும் உத்தரத்தின் அருகிலும் கல் ஒட்டுவதைத் தவிர்த்தல் நன்று.

இணைப்பில் கலவை தெரியாதபடி வெறுமனே அடுக்கினாற்போல் செய்வது இன்று பலருக்கும் பிடித்திருக்கிறது. நகரத்து மாளிகையில் அது அழகாக இருக்கலாம். வயலை ஒட்டிய வீட்டில் அந்த இடுக்குகளில் தேளும் பூரானும் குடியேறும். வெளிச்சுவரானால் மழைத் தண்ணீரும் புகும். ஆகையால் இணைப்புகளைக் கலவையால் நிரப்பியே விடவேண்டும்.

சுவரைச் சோதிக்கும் முறை

வேலையைத் தொடங்குமுன் நான்கு சோதனைகள் செய்ய வேண்டும்.

முதலாவது, தட்டிப் பார்த்தல். சிறு மரச் சுத்தியலால் சுவர் முழுவதும் தட்டுங்கள். பொள்ளென்று ஓசை வரும் இடத்தில் பூச்சு சுவரை விட்டுப் பிரிந்துள்ளது. அதனை எடுத்துவிட வேண்டும்.

இரண்டாவது, தண்ணீர் தெளித்தல். தண்ணீரைச் சுவர் உறிஞ்ச வேண்டும். முத்து முத்தாக உருண்டு வழிந்தால் வண்ணமோ எண்ணெயோ படிந்திருக்கிறது என்று பொருள். சுரண்டி எடுக்காமல் ஒட்டலாகாது.

மூன்றாவது, ஓதம் பார்த்தல். இரண்டடிச் சதுரமுள்ள பிளாஸ்டிக் தாளைச் சுவரின் கீழ்ப்பகுதியில் நான்கு ஓரமும் காற்றுப் புகாதபடி ஒட்டி இரண்டு நாள் விட்டு வையுங்கள். தாளின் உட்புறம் நீர் கோத்திருந்தால் சுவருக்குள் ஓதம் ஏறுகிறது. அச்சுவரில் கல் ஒட்டினால் ஓதம் வெளியேற வழியின்றி மேலும் உயரே ஏறும். முதலில் வீட்டைச் சுற்றித் தண்ணீர் தேங்காமல் சரிவான தளம் போட்டு, கழிவுநீரை அப்பால் விட்டு, சுவர் உலர்ந்த பிறகே மேற்கொண்டு யோசிக்க வேண்டும். புது வீடானால் அடிமட்டத்தில் ஓதத் தடுப்பு அடுக்கு வைத்தார்களா என்பதைக் கட்டும்போதே கவனிக்க வேண்டும்.

நான்காவது, தூக்குக் குண்டும் நீண்ட மட்டப்பலகையும் பிடித்துப் பார்த்தல். சுவர் சாய்ந்தோ வயிறு தள்ளியோ இருந்தால் அதனைக் கல் கொண்டு மறைப்பது நோயை மறைத்துச் சட்டை போடுவதைப் போன்றது.

வேலை முறை

புதுப் பூச்சானால் 28 நாளாவது ஆறவிட வேண்டும். பிறகு சுவரை உளியால் நெருக்கமாகக் கொத்திவிட்டு, கம்பித் தூரிகையால் தேய்த்து, தண்ணீரால் கழுவுக. தூணும் உத்தரமும் செங்கலோடு சேரும் இடங்களில் துருப்பிடிக்காத கம்பி வலையை ஆணியால் இறுக்கி, அதன்மேல் சொரசொரப்பான பூச்சு ஒன்று கொடுக்க வேண்டும்.

கற்களைத் தரையில் பரப்பி முன்னதாகவே அடுக்கிப் பார்க்கவும். நீளமும் குட்டையும், வெளிறியதும் கருத்ததும் கலந்து வரட்டும். ஒவ்வொரு கல்லின் முதுகையும் கழுவித் தூசி நீக்குவது இன்றியமையாதது. அறுத்த கல்லில் பால்போல் ஒட்டியிருக்கும் மாவு கண்ணுக்குத் தெரியாது. விரலால் தேய்த்தால் தெரியும்.

கலவை ஒரு பங்கு சிமெண்டுக்கு மூன்று பங்கு சலித்த மணல். மணலில் மண்ணோ உப்போ இருத்தல் ஆகாது. தண்ணீர் குடிக்கத் தக்கதாக இருக்கட்டும். உவர்க் கிணற்று நீர் பின்னால் வெள்ளை வெள்ளையாகப் பூக்கும். அரைமணி நேரத்தில் தீரும் அளவே குழைக்க வேண்டும். மெருகிட்ட வழவழப்பான முதுகுள்ள கல்லுக்குச் சாதாரணக் கலவை பிடிக்காது. அதற்கு இந்திய தர நிர்ணயம் 15477-க்கு இணங்கிய கல் ஒட்டுப் பசையை வாங்க வேண்டும். முத்திரையும் தயாரித்த தேதியும் பார்த்து வாங்குக.

சுவரை நனைத்து, நீர் வழியாமல் ஈரம் மட்டும் நிற்கும்போது தொடங்குக. அடியில் நேரான சட்டம் ஒன்றை ரசமட்டம் பார்த்து அடித்து, அதன்மேல் முதல் வரிசையை வைக்கவும். மூலைகளை முதலில் முடித்து நடுவை நிரப்புக. கல்லின் முதுகில் சிமெண்ட் பால் தடவி, அதன்மேல் முழுப் பரப்பிற்கும் கலவை வைத்து, சுவரில் அழுத்தி இலேசாக அசைக்க வேண்டும். நான்கு மூலையிலும் நடுவிலும் மட்டும் உருண்டை உருண்டையாகக் கலவை வைத்து ஒட்டுவது பல இடங்களில் காணும் வழக்கம். இதுவே பொந்துகளுக்கும் வீழ்ச்சிக்கும் முதற் காரணம். ஒட்டிய கற்களில் பத்துக்கு ஒன்றை உடனே பெயர்த்துப் பாருங்கள். முதுகு முழுவதும் கலவை பற்றியிருந்தால் வேலை சரி.

ஒரு வரிசையின் இணைப்பு அடுத்த வரிசையின் இணைப்புக்கு நேரே வரலாகாது. ஒரே நாளில் 3 அடி உயரத்திற்கு மேல் ஏற்ற வேண்டாம். ஒன்றரை அங்குலத்திற்கு மேற்பட்ட கனமுள்ள கல்லையும், 7 அடிக்கு மேலே வைக்கும் கல்லையும் துருப்பிடிக்காத எஃகுக் கொக்கிகளால் சுவரோடு பிணைக்க வேண்டும். சாதாரண இரும்புக் கம்பி வேண்டாம். அது துருப்பிடித்துப் பருக்கும்போது கல்லையே பிளந்துவிடும்.

முடிந்தபின் 7 நாள் தண்ணீர் தெளித்து வரவும். 28 நாள் கழித்து ஒவ்வொரு கல்லையும் தட்டிப் பார்த்து, பொள்ளென்று ஒலிப்பதை எடுத்து மறுபடி வைக்க வேண்டும். கொத்தனாருக்கு இறுதிக் கூலியில் ஒரு பகுதியை இந்தச் சோதனைக்குப் பிறகு கொடுப்பதென முன்னதாகவே பேசி வைத்துக்கொள்வது இருவருக்கும் நலம்.

பொருள் கணக்கு

10 அடிக்கு 10 அடிச் சுவரில் 3½ அடி அகலமும் 7 அடி உயரமும் உள்ள கதவு ஒன்று இருப்பதாகக் கொள்வோம். கதவுக்கு 24½ சதுர அடி கழித்தால் மிச்சம் 75½ சதுர அடி. உடைவுக்கு நூற்றுக்குப் பத்து சேர்த்தால் வாங்க வேண்டிய கல் சுமார் 83 சதுர அடி. அரை அங்குலக் கலவைக்கும் மேடுபள்ளம் நிரப்புவதற்கும் சேர்த்துச் சிமெண்ட் ஒரு மூட்டைக்குச் சற்று மேலும், மணல் 4 கன அடியும் ஆகும். இதற்குமேல் கேட்டால் ஏன் என்று வினவுங்கள். கல்லின் விலை, வண்டிக் கூலி, கொத்தனார் கூலி மூன்றையும் எழுதிக் கூட்டிப் பார்த்த பிறகே முன்பணம் கொடுங்கள்.

அந்தத் தொகையைக் கையில் வைத்துக்கொண்டு இன்னொரு வினாவையும் எழுப்ப வேண்டும். கூரை ஒழுகாமல் இருக்கிறதா? கழிப்பறை உண்டா? சமையலறைப் புகை வெளியேற வழி உண்டா? வீட்டைச் சுற்றித் தண்ணீர் தேங்காமல் ஓடுகிறதா? இவற்றில் ஒன்றுக்கு இல்லை என்பது விடையானால் கல் முகத்தின் முறை இன்னும் வரவில்லை. 2024-ஆம் ஆண்டில் தொடங்கிய கலைஞரின் கனவு இல்லம் திட்டத்தில் அமையும் வீடு 360 சதுர அடி. அத்தகைய வீட்டில் ஒவ்வொரு ரூபாய்க்கும் வேலை உண்டு. அயலார் முகப்பைப் பார்த்துக் கடன் வாங்கிக் கல் ஒட்டுவது, வட்டியை வீட்டுச் சுவரில் ஒட்டி வைப்பதாகும்.

கல் தூசி என்னும் கொலையாளி

இதுவரை வீட்டுக்காரருடைய நலத்தைப் பேசினோம். கல் அறுப்பவருடைய நலமும் நம் பொறுப்பே. கருங்கல்லிலும் மணற்கல்லிலும் சிலிகா என்னும் பொருள் உண்டு. கையில் பிடிக்கும் அறுவை இயந்திரத்தால் உலர்ந்த கல்லை அறுக்கும்போது எழும் நுண்தூசி நுரையீரலில் சென்று தங்கிச் சிலிகோசிஸ் என்னும் நோயை உண்டாக்கும். மூச்சுத் திணறலும் இருமலும் கண்டு உடல் மெலியும்; காசநோயும் எளிதில் பற்றும். நுரையீரலில் ஏற்பட்ட தழும்பை மாற்றும் மருந்து கிடையாது. கற்சுரங்கங்கள் மிகுந்த இராஜஸ்தான அரசாங்கம் 2019-இல் இந்நோய்க்கென்றே ஒரு கொள்கையை வகுக்க நேர்ந்தது. ஆஸ்திரேலிய நாடு, சிலிகா மிகுந்த செயற்கைக் கல் பலகைகளை 2024 ஜூலை 1 முதல் தடை செய்தது.

தற்காப்பு கடினமானதன்று. அறுக்கும் இடத்தில் தண்ணீர் விட்டுக்கொண்டே அறுத்தால் தூசியின் பெரும்பகுதி எழாது. வீட்டிற்குள் அறுக்காமல் திறந்த வெளியில், காற்றுக்கு முதுகு காட்டி நின்று அறுக்க வேண்டும். துண்டைச் சுற்றிக்கொள்வது போதாது. நுண்தூசி தடுக்கும் முகக்கவசம் வேண்டும். சிறு பிள்ளைகளை அருகில் விடலாகாது. தூசியைத் துடைப்பத்தால் பெருக்காமல் தண்ணீரால் கழுவ வேண்டும். கூலி பேசும் அன்றே இவற்றையும் பேசி, கவசத்திற்கான காசை வீட்டுக்காரரே கொடுப்பது அறம்.

பஞ்சாயத்து செய்யத் தக்கவை

பஞ்சாயத்தின் சொந்தக் கட்டடங்களில்தான் முதல் எச்சரிக்கை வேண்டும். அங்கன்வாடி, பள்ளி, நூலகம், பயணியர் நிழற்குடை ஆகியவற்றில் பிள்ளைகளும் முதியோரும் சுவரோரம் அமர்வார்கள். இவற்றில் கல் முகம் 3 அடி உயரத்தோடு நிற்கட்டும். ஏற்கெனவே உயரே கல் ஒட்டியுள்ள கட்டடங்களை ஆண்டுக்கு இருமுறை, மழைக்கு முன்னும் பின்னும், தட்டிப் பார்த்து அறிக்கை எழுதி வைக்க வேண்டும். தளர்ந்த கல் ஒன்று காணப்பட்டால் அதன் அருகிலுள்ளவற்றையும் ஐயுற வேண்டும்.

இரண்டாவது, கல் வந்த வழி. கருங்கல் சிறு கனிமம். 1959-ஆம் ஆண்டுத் தமிழ்நாடு சிறுகனிமச் சலுகை விதிகளுக்கு உட்பட்டது. முறையான குத்தகையும் நடைச்சீட்டும் இல்லாத கல்லைப் பஞ்சாயத்து வேலைக்கு வாங்கலாகாது. ஏரிக்கரையில் பதித்த கல்லைப் பெயர்த்து வருவோரை ஊரார் தடுக்க வேண்டும். கரையின் கல் வீட்டிற்கு வந்தால் ஏரியின் தண்ணீரும் வீட்டிற்கு வரும்.

மூன்றாவது, மலை. 2024 டிசம்பர் 1-ஆம் நாள், ஃபெஞ்சல் புயலின் பெருமழையில் அண்ணாமலையின் சரிவு பெயர்ந்து, பாறையும் மண்ணும் அடிவாரத்து வ.உ.சி. நகர் வீடுகளின்மேல் விழுந்தன. ஒரே இடத்தில் ஏழு உயிர்கள் போயின. அவர்களுள் குழந்தைகளும் இருந்தனர். சரிவில் கிடக்கும் கல் ஒவ்வொன்றும் தனக்கு மேலுள்ள மண்ணைத் தாங்கி நிற்கிறது. ஒன்றிரண்டு தானே என்று எடுத்தால் மேலே உள்ளது நகரும். அண்ணாமலையாயினும் சிறு குன்றாயினும் சரிவுக் கல்லைத் தொடலாகாது என்பதை ஊர்க்கூட்டத்தில் தீர்மானமாக எழுதி வைக்க வேண்டும்.

நான்காவது, பயிற்சி. கொத்தனார்களையும் சித்தாள்களையும் ஒரு நாள் கூட்டி, பஞ்சாயத்துச் சுவர் ஒன்றிலேயே பத்துச் சதுர அடியைச் சரியான முறையில் செய்து காட்டச் செய்யலாம். பக்கத்தில் உருண்டைக் கலவை வைத்துப் பத்துச் சதுர அடி ஒட்டி, ஒரு மாதம் கழித்து இரண்டையும் தட்டிக் காட்டினால் போதும். ஆயிரம் சொற்பொழிவு செய்யாததை அந்த ஓசை செய்யும்.

முடிவுரை

கல் முகம் தன்னளவில் நல்லதுமன்று, தீயதுமன்று. மழைத் தெறிப்பிலிருந்து அடிச்சுவரைக் காக்கும்போது அது வீட்டிற்குக் காவலன். ஓதத்தையும் விரிசலையும் மறைக்கப் பயன்படும்போது அது வீட்டிற்குப் பகைவன். கிணற்று மேட்டில் கிடக்கும் கல்லால் திண்ணை முகத்தைக் கட்டிய விவசாயி, தன் நிலத்தையே தன் வீட்டிற்கு அரணாக்கிக்கொள்கிறார். கடன் வாங்கிக் கூடத்துச் சுவரில் கல்லைத் தொங்கவிட்டவர், குழந்தையை அதனடியில் உறங்க வைத்துவிட்டுத் தாம் விழித்திருக்க வேண்டியவராகிறார்.

ஆகவே முதலில் சுவர், பிறகு முகம். முதலில் பிணைப்பு, பிறகு அழகு. நம் கிராமங்களில் இனி எழும் ஒவ்வொரு வீடும் இந்த வரிசையைக் கடைப்பிடிக்குமாறு பஞ்சாயத்து அங்கத்தினர்கள் எடுத்துச் சொல்வார்களாக.